ரிஃப் மலையும் அதன் குலங்களும்: புதிதாக வாசிப்பவருக்கு ஓர் அறிமுகம்

மொராக்கோ என்று சொன்னால் நம்மில் பலருக்கு முதலில் கண்ணில் வருவது மணல்மேடும் ஒட்டகமும். அடுத்தது, இன்ஸ்டாகிராமில் ஓயாமல் சுற்றிவரும் அந்த நீலச் சந்துகள். அந்த நீல ஊரின் பெயர் ஷெஃப்ஷாவன். பாலைவனத்துக்கும் அதற்கும் ஒரு தொடர்பும் கிடையாது. மழை கொட்டுகிற மலைச்சரிவில் இருக்கிறது. படத்துக்குக் கீழே யாராவது "பெர்பெர் பழங்குடியினரின் கிராமம்" என்று எழுதியிருப்பார்கள். உண்மையில் அது 1471-இல் மௌலாய் அலி இப்னு ராஷித் என்பவர் கோட்டை கட்டித் தொடங்கிய நகரம். ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்ட முஸ்லிம்களும் யூதர்களும் குடியேறி அதை வளர்த்தார்கள். இன்று ஊரின் பேச்சுமொழி அரபி. ஆக, அந்த ஒரு வரியில் 'பெர்பெர்', 'பழங்குடி', 'கிராமம்' மூன்றுமே இடறுகின்றன.

ஷெஃப்ஷாவனின் முதுகுக்குப் பின்னால் நிற்கும் மலைத்தொடர்தான் ரிஃப். குலம் என்றாலே ஒரே ரத்தம், ஒரே தலைவன், எந்நேரமும் சண்டை என்று நினைப்பவர்களை மனத்தில் வைத்து இதை எழுதுகிறேன். நானும் வெகுகாலம் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

## மலை எங்கே இருக்கிறது

ஆப்பிரிக்காவும் ஐரோப்பாவும் ஜிப்ரால்டர் நீரிணையில் சுமார் 14 கிலோமீட்டர் இடைவெளிக்கு நெருங்கி வருகின்றன. அங்கிருந்து தொடங்கி, மத்தியதரைக் கடலோரமாகவே கிழக்கே முலூயா ஆற்றுப் பள்ளத்தாக்கு வரை ஏறத்தாழ 300 கிலோமீட்டர் நீள்கிறது ரிஃப். மிக உயர்ந்த உச்சி ஜெபல் திதிகின். கேத்தாமாவுக்கு அருகே சுமார் 2,450 மீட்டர் உயரத்தில் நிற்கிறது. 'ஜெபல்' என்றால் அரபியில் மலை.

மொராக்கோவில் மலை என்றால் அட்லஸ்தான், ரிஃப் அதன் ஒரு கிளை என்று பல இடங்களில் எழுதிவிடுகிறார்கள். அது சரியல்ல. தரையில் விரித்த பாயை இரண்டு பக்கத்திலிருந்தும் தள்ளினால் நடுவில் மடிப்பு எழும்பும் அல்லவா? ஆப்பிரிக்க நிலத்தட்டும் யூரேசிய நிலத்தட்டும் ஒன்றையொன்று நெருக்கியதில் எழுந்த மடிப்பு இது. அந்த மடிப்பு குதிரை லாடம்போல வளைந்திருக்கிறது. லாடத்தின் வடக்குக் கை தெற்கு ஸ்பெயினின் மலைகள். தெற்குக் கை ரிஃப். நடுவில் உள்ள குழிதான் அல்போரான் கடல். ஆகவே கடலுக்கு அக்கரையில் உள்ள சியரா நெவாடாதான் ரிஃபின் உடன்பிறப்பு. பக்கத்து அட்லஸ் தூரத்து உறவு.

மரங்களைப் பார்த்தாலே இது புலப்படும். தெற்கு ஸ்பெயினின் ரோந்தா மலைகளில் வளரும் ஒருவகை ஃபிர் மரத்துக்கு மிக நெருங்கிய உறவுள்ள மரம் ஷெஃப்ஷாவனுக்குப் பக்கத்திலுள்ள தலாசெம்தான் காட்டில் நிற்கிறது. நிலத்தட்டுகளின் நெருக்கல் இன்னும் ஓயவும் இல்லை: 2004 பிப்ரவரி 24 அன்று அல் ஹொசைமா பகுதியில் நிலம் நடுங்கி அறுநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள்.

ரிஃபுக்கும் அட்லஸுக்கும் நடுவே ஒரு தாழ்வான வழி இருக்கிறது. அதன் பெயர் தாஸா இடைவெளி. ஃபெஸ் நகரிலிருந்து அல்ஜீரியப் பக்கம் போகும் படைகளும் வணிகர்களும் அதன் வழியாகவே போனார்கள். மலைமேல் ஏற அவர்களுக்கு அவசியம் வரவில்லை. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் உதவும்.

## மேற்கே ஓட்டுக்கூரை, கிழக்கே மண்கூரை

மழைமேகம் அட்லாண்டிக்கிலிருந்து வருகிறது. முதலில் முட்டுவது மேற்கு ரிஃப். அங்கே உயரமான பகுதிகளில் ஆண்டு மழை 1,000 மில்லிமீட்டரைத் தாண்டும். குளிர்காலத்தில் உச்சிகளில் பனியும் படியும். தேவதாரு, ஓக் காடுகள் உண்டு. மேகம் கிழக்கே போகப்போக வற்றிவிடும். அல் ஹொசைமா, நாதோர் பக்கம் 300, 400 மில்லிமீட்டர் பெய்தாலே பெரிது. ஒரே மலையின் ஒரு முனை பச்சை, மறுமுனை காவி.

வீடுகளும் அதற்கேற்பத்தான். மேற்கில் சாய்வுக்கூரை, ஓலைபோல வைக்கோல் வேய்ந்திருந்தார்கள், சில ஊர்களில் ஓடு, பிற்பாடு தகரம். வீடுகள் நெருங்கி, கிராமமாகக் கூடியிருக்கும். மத்திய ரிஃபிலும் கிழக்கிலும் தட்டையான மண்கூரை. அங்கே கிராமம் என்று ஒன்றைத் தேடினால் கிடைக்காது. ஒரு சரிவில் ஒரு வீடு, அடுத்த வீடு சில நூறு மீட்டர் தள்ளி, அதற்கடுத்தது ஓடைக்கு அப்பால்.

அப்படியொரு பழைய வீட்டைக் கிட்டே போய்ப் பார்ப்போம். நாலு பக்கமும் அறைகள், நடுவில் முற்றம். வெளிச்சுவரில் ஜன்னல் என்று சொல்லத்தக்கது கிடையாது. சுற்றிலும் ஆளுயரச் சப்பாத்திக்கள்ளி வேலி. பழத்துக்குப் பழம், காவலுக்குக் காவல். (இந்தக் கள்ளி அமெரிக்காவிலிருந்து வந்தது, ஆனால் பிரெஞ்சுக்காரர்கள் அதற்கு 'பார்பரி அத்தி' என்று பெயர் வைத்துவிட்டார்கள். பார்பரி என்பது 'பெர்பெர்' என்ற சொல்லிலிருந்தே வந்தது.) சற்றுத் தள்ளி, துப்பாக்கி நீட்டத் துளைவிட்ட சிறு கல்மாடம். உள்ளூரில் அதை 'அஷ்பார்' என்பார்கள். அடுத்த வீட்டுக்காரன், பெரும்பாலும் பங்காளி, அவனும் ஒரு அஷ்பார் கட்டியிருப்பான். ஒருவர் வீட்டு வாசலை மற்றவரின் துப்பாக்கி பார்த்துக்கொண்டிருக்கும்.

இதுவரை: ரிஃப் அட்லஸின் கிளை அல்ல, பாலைவனமும் அல்ல. மேற்கு ஈரம், கிழக்கு வறட்சி. மத்திய ரிஃபில் வீடுகள் சிதறிக் கிடந்ததற்குப் பங்காளிப் பகையும் ஒரு காரணம்.

## 'பெர்பெர்' யார்?

'பெர்பெர்' என்பது இந்த மக்கள் தமக்கு வைத்துக்கொண்ட பெயர் அல்ல. புரியாத மொழி பேசுபவர்களைக் கிரேக்கர்கள் குறித்த சொல்லிலிருந்து வந்தது என்பது பரவலான விளக்கம். அவர்கள் தம்மை 'இமாஸிகென்' என்கிறார்கள்; ஒருமையில் 'அமாஸிக்'. மொழி 'தமாஸிக்த்'. இங்கே நம்மவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: 'தமா' என்று தொடங்குவதைப் பார்த்ததும் தமிழோடு முடிச்சுப் போட வேண்டாம். முன்னால் ஒரு 'த', பின்னால் ஒரு 'த்' சேர்ப்பது அந்த மொழியில் பெண்பாலின் அடையாளம். மொழிப்பெயர்களும் அப்படியே அமையும். ரிஃப் மக்களின் பேச்சு 'தரிஃபித்' ஆனதும் அதே கணக்கில்தான்.

இது இனத்தின் பெயர் என்பதைவிட மொழிக்குடும்பத்தின் பெயர் என்று கொள்வது நல்லது. ரிஃப் மலையிலேயே எல்லோரும் ஒரே மொழி பேசுவதில்லை. மேற்குக் கோடியில் ஜெபாலா மக்கள். பல நூற்றாண்டுகளாக அரபி பேசுகிறார்கள். அடுத்துக் கடலோரத்தில் கோமாரா. சில ஊர்களில் மட்டும் பழைய பேச்சு மிஞ்சியிருக்கிறது. கேத்தாமாவைச் சுற்றிச் சன்ஹாஜா குழுக்கள், அவர்கள் பேச்சு வேறு. இந்தக் கேத்தாமாதான் கஞ்சா விளைச்சலுக்குப் பேர்போன இடம்; மொராக்கோ 2021-இல் மருத்துவ, தொழில் பயன்பாட்டுக்கு மட்டும் அதைச் சட்டபூர்வமாக்கியது. அதற்குக் கிழக்கே இருப்பவர்களே குறுகிய பொருளில் 'ரிஃபிகள்': ஐத் வரியாகர், தெம்சமான், ஐத் தூஸின், பொக்கோயா, கடற்கரை நகரமான மெலில்லாவைச் சுற்றியுள்ள இகெர்அயென் முதலிய குலங்கள். 'ஐத்' என்றால் 'இன்னாரின் மக்கள்'.

நம் பத்திரிகைகள் இவர்களைப் 'பழங்குடி' என்றே எழுதுகின்றன. அந்தச் சொல் காட்டையும் வேட்டையையும் நினைவுக்குக் கொண்டுவந்துவிடுகிறது. இவர்கள் பார்லி விதைத்த, ஆடு வளர்த்த, குர்ஆன் ஓதிய விவசாயிகள். அதனால் 'குலம்' என்கிறேன். அதிலும் ஒரு சிக்கல் உண்டு. இப்போது அதற்குத்தான் வருகிறோம்.

## குலம் எப்படி இயங்கியது

வீட்டிலிருந்தே தொடங்கலாம். அண்ணனுக்கும் தம்பிக்கும் வரப்புத் தகராறு. பேச்சுவார்த்தை இல்லை. அந்த நேரத்தில் சித்தப்பா மகன் கிணற்றுத் தண்ணீரை மறித்தால்? அண்ணனும் தம்பியும் சேர்ந்துகொள்வார்கள். பக்கத்து ஊர்க்காரன் மாட்டை ஓட்டிக்கொண்டு போனால்? சித்தப்பா மகனும் இவர்களோடு நிற்பான். எதிராளி எவ்வளவு தூரத்து ஆள் என்பதைப் பொறுத்து 'நாம்' என்பதன் அளவு விரிகிறது, சுருங்குகிறது. மேலே ஒரு ராஜா உட்கார்ந்து ஆணையிடத் தேவையில்லை. மானிடவியலில் இதைக் கிளைப்பிரிவு அமைப்பு என்கிறார்கள்: ஒரு மூதாதையிடமிருந்து கிளைகிளையாகப் பிரிந்த குழுக்கள், சம அளவில் எதிர்த்தும் சேர்ந்தும் நின்று ஒன்றையொன்று கட்டுக்குள் வைத்திருக்கும் ஏற்பாடு.

கேட்க அழகாக இருக்கிறது. ரிஃபில் இது பாதி உண்மை.

1950களில் இங்கே தங்கி ஆய்வுசெய்த அமெரிக்க மானிடவியலாளர் டேவிட் ஹார்ட், ஐத் வரியாகர் குலத்தின் வம்சாவளியைக் குடும்பம் குடும்பமாகத் தோண்டினார். ஒரே பாட்டனின் பிள்ளைகள் என்று எதிர்பார்த்துப் போனால், பல கிளைகள் வேறு வேறு இடங்களிலிருந்து வந்து ஒட்டிக்கொண்டவை. கொலைப்பழிக்கு அஞ்சி ஓடிவந்தவன், நிலம் தேடி வந்தவன், சமயப் பெரியவர் வழிவந்தவர் என்று பலர். வந்தவர் சில தலைமுறையில் 'ஐத்' ஆகிவிடுவார். ஆகவே குலப்பெயர் ரத்தப் பரிசோதனை முடிவு அல்ல; யார் யாரோடு நிற்க ஒப்புக்கொண்டார்கள் என்பதன் பதிவு. ஐத் வரியாகர் தம்மை 'ஐந்து ஐந்திலொன்றுகள்' என்று பிரித்துச் சொன்னார்கள். அது வம்சக் கணக்கு என்பதைவிட, பணத்தையும் பொறுப்பையும் பிரிக்கும் பங்குக் கணக்கு.

அடுத்த சிக்கல் 'லெஃப்'. லெஃப் என்பது குலங்களையும் கிளைகளையும் குறுக்கே வெட்டிச் செல்லும் கூட்டணி. பக்கத்து நிலத்துக்காரனோடு எல்லைத் தகராறு வரும். அவனுக்கு அப்பால் இருப்பவனோடு எனக்குத் தகராறு வர வழியில்லை. ஆகவே அவன் எனக்குக் கூட்டாளி. சதுரங்கப் பலகையின் கறுப்பு வெள்ளைக் கட்டங்கள் மாதிரி. இதனால் ஒரே கிளையில் பிறந்த இருவர் எதிரெதிர் லெஃபில் இருப்பார்கள். மலைக்கு அப்பால் உள்ள வேற்றுக்குலத்தான் நம் லெஃபில் இருப்பான். அண்ணன் தம்பி எப்போதும் ஒன்றுசேர்வார்கள் என்ற கணக்கு இங்கே பொய்த்துப்போகிறது. ஐத் வரியாகரில் பல கொலைப்பகைகள் பங்காளிகளுக்குள்ளேயே நடந்தன. அந்த அஷ்பார் எதற்குப் பக்கத்து வீட்டைப் பார்த்தது என்பது இப்போது விளங்கும்.

சுருக்கம்: குலம் என்பது மூதாதைப் பெயரில் கட்டிய ஓர் ஒப்பந்தம். அதற்குக் குறுக்கே லெஃப் என்ற கூட்டணி ஓடியது. இரண்டும் சேர்ந்துதான் யார் யாருக்காகத் துப்பாக்கி எடுப்பார்கள் என்பதைத் தீர்மானித்தன.

## சந்தையும் அபராதமும்

தலைவனும் இல்லை, போலீசும் இல்லை; பிறகு எப்படி எல்லோரும் அடித்துக்கொண்டு அழியவில்லை? விடை வாரச்சந்தையில் இருக்கிறது.

வீடுகள் சிதறிக் கிடக்கும் நாட்டில் மனிதர்கள் கூடும் ஒரே இடம் சந்தை. உப்பு, எண்ணெய், ஆடு, சேதி எல்லாம் அங்கேதான். பகையாளிகள் இருவரும் ஒரே நாளில் அங்கே வந்தாக வேண்டும். அதனால் சந்தை நாளில் சந்தையிலும் அதற்கு வரும் பாதைகளிலும் ரத்தம் சிந்தக்கூடாது என்பது விதி. மீறினால் 'ஹக்'. ஹக் என்பது கொலைசெய்தவன் குலத்தின் சபைப் பெரியவர்களுக்குக் கட்ட வேண்டிய அபராதம். வேறு இடத்தில் கொன்றதற்கு ஒரு தொகை. சந்தையில் கொன்றால் இருமடங்கு.

இதைக் கவனியுங்கள். இறந்தவன் குடும்பத்துக்கு அந்தப் பணத்தில் ஒரு காசு போகாது. பெரியவர்கள் தங்களுக்குள் பங்கு போட்டுக்கொள்வார்கள். நமக்கு அநியாயமாகத் தோன்றும். ஆனால் அவர்கள் கணக்கில் இரண்டு குற்றங்கள் நடந்திருக்கின்றன: ஒன்று, ஒரு குடும்பத்தின் ஆளைக் கொன்றது, இன்னொன்று, பொது அமைதியை உடைத்தது. ஹக் இரண்டாவதற்கு. முதலாவதற்கு ரத்தப்பணம் வாங்குவதா, பழிவாங்குவதா என்பது அந்தக் குடும்பத்தின் உரிமை. அபராதம் கட்ட முடியாதவன் நிலத்தை இழந்து ஊரைவிட்டு ஓடினான். அவன்தான் இன்னொரு குலத்தில் போய் ஒட்டிக்கொண்டு அடுத்த 'ஐத்' ஆனான்.

மத்திய ரிஃபில் பெண்கள் மட்டும் கூடும் சந்தைகளும் இருந்தன. ஆண்கள் அதற்குள் காலடி வைக்க முடியாது. குலவரலாறு என்று எழுதுகிறவர்கள் துப்பாக்கியைப் பற்றிப் பத்துப் பக்கம் எழுதிவிட்டு இதை ஒரு வரியில் தாண்டுகிறார்கள். எனக்கு அதில் வருத்தம் உண்டு. எனக்கும் ஒரு பத்திக்குமேல் எழுதத் தெரியவில்லை.

## அரசு எங்கே போயிற்று?

இந்த மலை அரசையே கண்டதில்லை என்பதும் தவறான எண்ணம். இன்றைய அல் ஹொசைமாவுக்குப் பக்கத்தில் நெகோர் என்ற சிற்றரசு 8-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே இருந்தது. 859-இல் வைக்கிங் கப்பல்கள் வந்து அதன் தலைநகரைச் சூறையாடின.

பின்னாளில் மொராக்கோ சுல்தான்களின் ஆட்சிக்கு 'மக்ஸன்' என்று பெயர். கிடங்கு என்பது அதன் மூலப்பொருள்; ஆங்கிலத்தின் 'மேகசின்' அதே வேரிலிருந்து வந்தது. வரி கிடங்குக்கு வந்து சேரும் நிலம் மக்ஸன் நிலம். சேராத நிலம் 'சிபா'. ரிஃப் பெரும்பாலும் சிபா. சுல்தானின் படை சமவெளியிலும் தாஸா வழியிலும் வரி வசூலித்தது. செங்குத்தான, ஏழைப்பட்ட மலைக்கு ஏறினால் செலவு வரவைவிட அதிகம். ஆனாலும் வெள்ளிக்கிழமைத் தொழுகையில் சுல்தான் பெயரைத்தான் சொன்னார்கள். சுல்தான்கள் எப்போதாவது படையனுப்பவும் செய்தார்கள். 1898-இல் பொக்கோயாவின் கடற்கொள்ளைக்காக அந்தக் குலத்தைத் தண்டித்தது ஓர் உதாரணம். இதைத் தனிநாடு என்றும் சொல்ல முடியாது, முழு ஆட்சி என்றும் சொல்ல முடியாது.

## 1921: பகையாளிகள் ஒன்றுசேர்ந்தது எப்படி

1912-இல் மொராக்கோவை பிரான்ஸும் ஸ்பெயினும் பங்கிட்டுக்கொண்டபோது ரிஃப் ஸ்பெயினுக்குப் போனது. மெலில்லா 1497 முதலே ஸ்பெயின் கையில். அங்கே ஆசிரியராகவும், ஸ்பானியச் செய்தித்தாளின் அரபிப் பகுதியை எழுதுபவராகவும், நீதிபதியாகவும் வேலைபார்த்தவர் ஐத் வரியாகரைச் சேர்ந்த முகமது இப்னு அப்துல் கரீம் அல் கத்தாபி. உலகம் அப்துல் கரீம் என்று அறிந்தவர். முதல் உலகப் போர்க்காலத்தில் ஸ்பானியர்கள் அவரைச் சிறையிலடைத்தார்கள். தப்பிக்கக் குதித்ததில் கால் உடைந்து, வாழ்நாள் முழுக்கச் சாய்ந்து நடந்தார்.

1921 ஜூலையில் அன்வால் என்ற இடத்தில், அப்துல் கரீம் திரட்டிய குலப்படைகளிடம் தோற்று ஸ்பானிய ஜெனரல் சில்வெஸ்ட்ரேயின் படை சிதறியது. இறந்த ஸ்பானியப் படையினர் 8,000 என்றும் 13,000க்கு மேல் என்றும் பல கணக்குகள். அந்நியன் வந்தான், எல்லாக் குலமும் தானாகச் சேர்ந்தது என்று இதை எளிதாகக் கதை சொல்லிவிடலாம். நடந்தது வேறு. ஸ்பெயினிடம் சம்பளம் வாங்கிய ரிஃபிகள் ஏராளம். குலங்களைச் சேர்க்க அப்துல் கரீம் பழைய இயந்திரத்தையே கழற்ற வேண்டியிருந்தது. கொலைப்பகையைத் தடைசெய்தார். அஷ்பார்களை இடிக்கச் சொன்னார். ஹக்கை ஒழித்து, கொலையை அரசுக்கு எதிரான குற்றமாக்கி, ஷரியா நீதிபதிகளையும் சிறையையும் கொண்டுவந்தார். மலையில் தொலைபேசிக் கம்பி இழுத்தார். அஜ்தீரைத் தலைநகராக்கி ரிஃப் குடியரசு அறிவிக்கப்பட்டது. இதில் ஒரு வேடிக்கை: அமைச்சரவையைப் பார்த்தால் தம்பி, சிற்றப்பா, மைத்துனர்.

ஸ்பெயின் விமானத்திலிருந்து நச்சுவாயுக் குண்டுகளை வீசியது. 1925-இல் பிரான்ஸும் போரில் இறங்கியது. அந்த ஆண்டு செப்டம்பரில் ஸ்பானியப் படை அல் ஹொசைமா விரிகுடாவில் கரையிறங்கியது. 1926 மே மாதம் அப்துல் கரீம் பிரெஞ்சுக்காரரிடம் சரணடைந்தார். இந்தியப் பெருங்கடலில் பிரான்ஸுக்குச் சொந்தமான ரியூனியன் தீவுக்கு நாடுகடத்தப்பட்டு, இருபதாண்டுக்கு மேல் அங்கே கழித்தார். 1947-இல் பிரான்ஸுக்குக் கொண்டுபோகும் வழியில் எகிப்தில் கப்பலிலிருந்து இறங்கித் தப்பினார். 1963-இல் கெய்ரோவில் இறந்தார்.

பிறகு நடந்தவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1958-59-இல் சுதந்திர மொராக்கோவின் படையே ரிஃப் கிளர்ச்சியை அடக்கியது. 1960களிலிருந்து இளைஞர்கள் நெதர்லாந்து, பெல்ஜியம், ஜெர்மனி என்று வேலைக்குப் போனார்கள். 2011 அரசியலமைப்பு தமாஸிக்த் மொழியையும் ஆட்சிமொழியாக்கியது. 2016-இல் அல் ஹொசைமாவில் ஒரு மீன்வியாபாரி குப்பைலாரியில் நசுங்கி இறந்ததும் பெரும் போராட்டம் வெடித்தது. அதில் அப்துல் கரீமின் படத்தையும் குடியரசின் கொடியையும் தூக்கிக்கொண்டு நடந்தார்கள்.

## வரைபடத்தை வாசிப்பது

இனி வரைபடத்தைத் திறந்து பாருங்கள். 'பெனி' என்று தொடங்கும் ஊர் கண்ணில் பட்டால் அது 'ஐத்' என்பதன் அரபி வடிவம். பெனி பூஅயாஷ் என்பது ஐத் பூஅயாஷ்தான். பழைய ஸ்பானிய வரைபடத்தில் 'பெனி உர்ரியாகெல்' என்றிருந்தால் அது நாம் பார்த்த ஐத் வரியாகர். 'ஹத்' என்றால் ஞாயிறு, 'த்னின்' திங்கள், 'அர்பா' புதன், 'கெமிஸ்' வியாழன். ஊர்ப்பெயரின் முன்னால் அந்தச் சொல் இருந்தால், ஊர் உண்டாவதற்கு முன்பே அங்கே அந்தக் கிழமையில் சந்தை கூடியிருக்கும்.